ஐந்து வருஷத்துக்கு நாலரை அடி

அன்று காலை டேப்புக்காரர் தன் சொந்த வீட்டில் இரண்டு அடி முன்னேறுவதாக இருந்தார்.

முன்னேறுவது என்றால் வாழ்க்கையில் அல்ல, தரையில். அவருக்குத் திரைச்சீலைக் கடையில் வேலை. வீடு வீடாகப் போய், ஏணி வைத்து ஏறி, ஜன்னல்களை அளந்து வருவார். இருபத்திரண்டு வருஷமாகக் கழுத்தில் அளவு நாடா தொங்கிக்கொண்டே இருந்ததில், பெற்றவர்கள் வைத்த பெயர் ரேஷன் அட்டையோடு நின்றுவிட்டது. கடை முதலாளி முதல் கட்டின மனைவியின் அக்கா வரை எல்லாருக்கும் அவர் டேப்புக்காரர்தான்.

உலகத்தில் அளக்க முடியாதது எதுவும் இல்லை என்பது அவர் கொள்கை. ஐந்து வருஷத்துக்கு முன்னால் முப்பது லட்சம் வீட்டுக்கடன் வாங்கியபோதும் முதலில் டேப்பைத்தான் எடுத்தார். வாசற்படியிலிருந்து பின்சுவர் வரை வீடு நாற்பது அடி. கடன் இருபது வருஷம். அப்படியானால் வருஷத்துக்கு இரண்டு அடி. கடன் வாங்கிய தேதி வரும்போதெல்லாம், தரையில் குறுக்கே ஒட்டியிருக்கும் மஞ்சள் ஒட்டுநாடாவை உரித்து இரண்டு அடி தள்ளி ஒட்டுவார். நாடாவுக்கு இந்தப் பக்கம் நம்முடையது, அந்தப் பக்கம் வங்கியுடையது. அதுபடி நாலு வருஷத்தில் மிதியடி, செருப்பு ஸ்டாண்டு, டி.வி. மேசை, சோபாவின் முன்னங்கால்கள் இரண்டு, ஆக மொத்தம் எட்டு அடி மீட்கப்பட்டிருந்தன.

இன்று பத்தாவது அடி. சோபாவின் பின்னங்கால்களும் இன்றோடு வங்கியிடமிருந்து விடுதலை. போன ஒரு வருஷமாக அவர் அந்த சோபாவில் கொஞ்சம் முன்னால் சாய்ந்தே உட்கார்ந்து வந்தார்.

இந்த ஏற்பாட்டில் அவர் மனைவிக்கு ஒரே ஒரு சந்தேகம் உண்டு. முதல் வருஷமே கேட்டுவிட்டாள்.

"சமையலறை எந்தப் பக்கம் வருது?"

"அது பேங்க் பக்கம்மா. பதினாறாவது வருஷம் நமக்கு வரும்."

"அப்போ நான் பதினாறு வருஷம் பேங்குக்கா சமைக்கணும்?"

"பேங்க் இடத்துல நமக்காகச் சமைக்கிறே. வித்தியாசம் இருக்கு."

"நாம முதல்ல ரொக்கமா பத்து லட்சம் கொடுத்தோமே, அதுக்கு எதுவும் கிடையாதா?"

"அது கேட்டுக்கும் காம்பவுண்டு சுவருக்கும் சரியாப்போச்சு."

அதற்குமேல் அவள் கேட்கவில்லை. "எனக்கு இந்தக் கணக்கெல்லாம் எங்கங்க புரியுது" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள். அவள் ஒரு மருந்துக்கடையில் பதினைந்து வருஷமாக வேலை பார்க்கிறாள். டாக்டர்கள் எழுதிக் கொடுக்கும் கிறுக்கலைத் தூரத்திலிருந்தே படித்துவிடுவாள். மாத்திரை அட்டையின் ஓரத்தில் எறும்பு ஊர்ந்ததுபோல் அச்சடித்திருக்கும் காலாவதித் தேதியைக் கண்ணாடி இல்லாமல் சொல்வாள். அப்படிப்பட்டவள் "எனக்குப் புரியாது" என்று சொல்வதை இருபது வருஷமாக அப்படியே நம்பி வந்த ஒரே மனிதர் நம் டேப்புக்காரர்.

அவர் பழைய நாடாவை உரித்து, புது நாடாவைப் பல்லில் கடித்துக் கிழித்துக்கொண்டிருந்த நேரம் பார்த்து வங்கியிலிருந்து தபால் வந்தது. ஐந்து வருஷக் கணக்கு விவரம். நல்ல சகுனம் என்று பிரித்தார். பிரித்தவர் அப்படியே சோபாவில் உட்கார்ந்துவிட்டார்.

"என்னங்க, டேப்பைக் கையில ஒட்டிக்கிட்டு உக்கார்ந்துட்டீங்க?"

"பேங்க்லேருந்து கணக்கு வந்திருக்கு."

"நல்லதுதானே."

"அஞ்சு வருஷத்துல பதினாறு லட்சத்து இருபதாயிரம் கட்டியிருக்கோம்."

"சரி."

"வாங்கினது முப்பது லட்சம்."

"சரி."

"பாக்கி இருபத்தாறு லட்சத்து அறுபத்தோராயிரம்னு போட்டிருக்கு."

இந்தத் தடவை "சரி" வரவில்லை. அவள் கையைத் துடைத்துக்கொண்டு வந்து பக்கத்தில் நின்றாள்.

"முப்பதுல பதினாறு போனா?"

"பதினாலு."

"அப்போ நடுவுல பன்னெண்டு லட்சத்துக்கு மேல எங்கங்க போச்சு?"

"அதான் எனக்கும் தெரியலை."

"சோபாவுக்கு அடியில பார்த்தீங்களா?"

அவர் ஒரு கணம் குனிந்தே பார்த்துவிட்டார். அந்த அளவுக்குக் குழம்பிப்போயிருந்தார். வருஷக் கணக்குப்படி கால் வீடு அவருடையது. கட்டிய பணத்தின் கணக்குப்படி பாதி வீட்டுக்கு மேலேயே அவருடையது. வங்கிக் கணக்குப்படியோ அசலில் குறைந்திருப்பது மூன்று லட்சத்து முப்பத்தொன்பதாயிரம். ஒரே வீடு, மூன்று அளவு. ஜன்னல் இப்படிச் செய்து அவர் பார்த்ததில்லை.

தொழில் தர்மம் விடவில்லை. மண்டியிட்டு, வாசற்படியிலிருந்து டேப்பை இழுத்து, வங்கி சொன்ன கணக்குக்கு அளந்தார். நாலரை அடி வந்தது. நாலரை அடி என்றால் மிதியடி உண்டு, செருப்பு ஸ்டாண்டு உண்டு. டி.வி. இல்லை. சோபா முழுசாகப் போய்விட்டது. ஐந்து வருஷம் தவணை கட்டி அவர் சம்பாதித்தது செருப்பைக் கழற்றிவிடும் இடம்.

மனைவி அந்தக் காகிதத்தை வாங்கி, புரட்டி, கடைசிப் பக்கத்தை ஒரு பார்வை பார்த்தாள். "எழுத்து ரொம்பச் சின்னதா இருக்கு" என்று அவரிடமே கொடுத்துவிட்டாள். "நீங்க நேர்ல போய்க் கேட்டுட்டு வாங்க. ஆம்பிளை போய் ஒரு சத்தம் போட்டாத்தான் சரியா வரும்."

டேப்புக்காரர் சத்தம் போடுவதற்காகவே கஞ்சி போட்ட சட்டையை எடுத்து மாட்டிக்கொண்டு வங்கிக்குப் போனார்.

கடன் பிரிவில் இருந்தது ஓர் இளம்பெண். அவர் போட வந்த சத்தத்துக்கெல்லாம் அவள் இடமே கொடுக்கவில்லை. காய்ச்சல்காரரிடம் பேசுவதுபோல் அவ்வளவு மென்மையாகப் பேசினாள்.

"சார், நீங்க மாசம் இருபத்தேழாயிரம் கட்டுறீங்க இல்லையா?"

"எட்டு குறைச்சல். இருபத்தாறாயிரத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூத்திரண்டு."

"கரெக்ட். முதல் மாசம் முப்பது லட்சத்துக்கும் வட்டி போடுவோம். ஒன்பது சதவீதம். அதுவே இருபத்திரண்டாயிரத்து ஐநூறு. அது போக மிச்சம் இருக்கிற நாலாயிரத்து நானூத்திச் சொச்சம்தான் அசல்ல கழியும்."

அவர் விரல்களை மடக்கிப் பார்த்தார். விரல்கள் போதவில்லை. தெரிந்த பாஷைக்கு மாற்றிக்கொண்டார்.

"அதாவது மேடம், நான் இருபத்தேழு மீட்டர் துணி வாங்கினா, ஜன்னலுக்குப் போறது நாலரை மீட்டர்."

"ஆமா சார்."

"மிச்சம் இருபத்திரண்டரை மீட்டர்?"

"எங்களுக்கு."

"வெட்டுல போறதா?"

"வட்டியில போறது சார்."

"அடுத்த மாசம்?"

"அடுத்த மாசம் உங்களுக்கு ரெண்டு விரல் அகலம் கூட வரும். அப்படியே ஏறி ஏறி, கடைசி வருஷத்துல கிட்டத்தட்ட முழுத்துணியும் உங்களுக்குத்தான்."

"அதுவரைக்கும் ஜன்னல்?"

"திறந்திருக்கும்" என்று அவள் உண்மையைச் சொன்னாள்.

பிறகு அவள் கணினியில் ஏதோ தட்டி, இருபது வருஷத்துக்குமான மொத்தத்தைக் காட்டினாள். முப்பது லட்சம் வாங்கியதற்கு அவர் கட்டப்போவது அறுபத்து நாலு லட்சத்து எழுபத்தெட்டாயிரம். டேப்புக்காரருக்குத் தலை சுற்றியது. ஒரு வீட்டுக்காகக் கடன் வாங்கி, இரண்டு வீட்டுக்குப் பணம் கட்டி, அதில் ஒன்றை வங்கிக்கே கொடுத்துவிட்டு, மற்றொன்றில் செருப்பைக் கழற்றிவிட்டு நிற்பதுபோல் ஒரு காட்சி கண்ணுக்குள் வந்தது. குடிக்கத் தண்ணீர் கேட்டார்.

அவள் தண்ணீரும் கொடுத்து, இரக்கப்பட்டு இரண்டு வழியும் சொன்னாள். மாதம் கொஞ்சம் கூடுதலாகக் கட்டினால் அசல் வேகமாகக் குறையும், வருஷங்கள் மிச்சமாகும் என்பது ஒன்று. அது அவர் காதில் ஏறவில்லை. மீதியிருக்கும் பதினைந்து வருஷத்தை இருபத்தைந்து வருஷமாக நீட்டினால் தவணை இருபத்திரண்டாயிரத்து முன்னூற்று முப்பத்து மூன்றாகக் குறையும் என்பது இன்னொன்று. அது காதில் ஏறி, நேராக முழங்காலுக்கு இறங்கியது.

முழங்காலுக்கு ஏன் இறங்கியது என்பதைச் சொல்ல வேண்டும். கடை முதலாளி மூன்று மாதத்துக்கு முன் தன் அறைக்கு ஒரு நாற்காலி வாங்கியிருந்தார். பக்கத்தில் ஒரு பொத்தான் இருக்கும். அழுத்தினால் முதுகு தானாகப் பின்னால் சாயும், கால் தானாக மேலே எழும்பும். ஒருநாள் முதலாளி வெளியே போயிருந்தபோது டேப்புக்காரர் அதில் உட்கார்ந்து பொத்தானை அழுத்தினார். இருபத்திரண்டு வருஷம் ஏணியில் நின்ற கால்கள் முதல்முறையாகத் தலைக்குச் சமமாக உயர்ந்தன. அவர் கண்ணில் தண்ணீரே வந்துவிட்டது. அன்றைக்கே மனசுக்குள் அந்த நாற்காலிக்குத் தாலி கட்டிவிட்டார். விலை தொண்ணூறாயிரம். மாதம் நாலாயிரத்து ஐநூறு வீதம் இருபது மாதத் தவணையிலும் கிடைக்கும் என்று கடைக்காரன் ஆசை காட்டியிருந்தான்.

இப்போது கணக்கு தானாக வந்து மடியில் விழுந்தது. வீட்டுத் தவணையில் குறைவது நாலாயிரத்து அறுநூற்றைம்பத்தொன்பது. நாற்காலிக்கு நாலாயிரத்து ஐநூறு. நூற்றைம்பத்தொன்பது கையில் மிச்சம் வேறு. வங்கியே பார்த்து வாங்கிக் கொடுத்த நாற்காலி என்றுதான் சொல்ல வேண்டும்.

"மேடம், அந்த ரெண்டாவதுக்கு ஃபாரம் இருக்கா?"

"ரெண்டுக்கும் ஒரே ஃபாரம்தான் சார். புதுத் தவணை எவ்வளவு, எத்தனை மாசம்னு எழுதணும். நீங்களும் உங்க வீட்டம்மாவும் சேர்ந்து வாங்கின கடன். ரெண்டு பேரும் கையெழுத்துப் போடணும்."

வீட்டம்மா என்றதும் டேப்புக்காரரின் கால் கொஞ்சம் கீழே இறங்கியது.

வழியில் ஒரு டீக்கடையில் உட்கார்ந்து, இருபத்திரண்டாயிரத்து முன்னூற்று முப்பத்து மூன்றை முந்நூறு மாதத்தால் பெருக்கிப் பார்த்தார். அறுபத்தேழு லட்சம் என்று வந்தது. இருக்க முடியாது என்று மறுபடி பெருக்கினார். அதே அறுபத்தேழு லட்சம். இனிமேல் கட்ட வேண்டியது மட்டும் அவ்வளவா, ஏற்கெனவே கட்டியதும் சேர்த்தா என்று குழப்பம் வந்தது. கட்டாததைச் சேர்த்தார், கட்டியதைக் கழித்தார், சேர்த்ததைக் கழித்தார். கடைசியில் அவர்தான் வங்கிக்குக் கடன் கொடுத்திருப்பதுபோல் ஒரு விடை வந்தது. மாதம் குறைகிறதா, குறைகிறது. அது போதும். பத்து வருஷம் கூடுவதைப் பற்றி அந்தப் பத்து வருஷம் வரும்போது கவலைப்பட்டுக்கொள்ளலாம். இப்படி ஒரு முடிவுக்கு வந்து, நேரே நாற்காலிக் கடைக்குப் போய் மூவாயிரம் முன்பணம் கட்டிவிட்டு, ரசீதைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு வீட்டுக்கு வந்தார்.

இரண்டு நாள் கமுக்கமாக இருந்தார். எப்படி ஆரம்பிப்பது என்று ஒத்திகை பார்த்தார். படிவத்தை நிரப்பிக் காட்டினால் மனைவி படித்துவிடுவாள். நிரப்பாமல் காட்டினால் படிக்க ஒன்றும் இருக்காது. இந்த யோசனை தோன்றியதும் தன் மூளையை நினைத்து அவருக்கே பெருமையாக இருந்தது. மூன்றாம் நாள் மாலை, அவள் கடையிலிருந்து வந்து காப்பி குடித்துக்கொண்டிருந்தபோது, வெற்றுப் படிவத்தை மேசையில் வைத்து, பேனாவையும் மூடி திறந்து நீட்டினார்.

"இதுல ஒரு கையெழுத்துப் போடும்மா."

"என்னது இது?"

"பேங்க் ஃபாரம். அன்னைக்குப் போய் ஒரு சத்தம் போட்டேன்ல, பயந்துபோய் கொடுத்துட்டாங்க."

"ஒண்ணுமே எழுதலையே."

"எழுதிக்கலாம்."

"எப்போ?"

"நீ கையெழுத்துப் போட்ட பிறகு."

"எங்க கடையில வெள்ளைப் பேப்பரைக் காட்டினா நாங்க மருந்து கொடுக்க மாட்டோம்."

"இது மருந்து இல்லம்மா. தவணை குறையும்."

"அப்படியா. கடன் குறையுமா?"

"கடன் அதேதான்."

"வட்டி?"

"ஒன்பதுதான். அதுவும் அதேதான்."

"அப்போ எது குறையுது?"

"மாசா மாசம் கட்டுறது குறையுது."

"கம்மியா கட்டினா கடன் சீக்கிரம் முடியுமா, லேட்டா முடியுமா?"

"அது..." டேப்புக்காரர் கூரையைப் பார்த்தார். "அது முடியும்போது முடியும்."

"இப்ப உங்களுக்கு நாப்பத்தஞ்சு. முதல்ல போட்ட கணக்குப்படி அறுபதுல முடியணும். இதுல?"

"இதுல ஒரு... கொஞ்சம் முன்னப் பின்ன ஆகும்."

"முன்னயா, பின்னயா?"

"முன்னன்னு சொல்ல முடியாது."

அவர் நெற்றியில் வியர்வை கோடு போட்டது. அவள் கேட்ட நாலு கேள்வியில், தான் என்ன செய்யப் போகிறோம் என்பதே அவருக்கு மறந்துபோயிற்று. வங்கிப் பெண் சொன்ன துணிக் கணக்கைச் சொல்லலாம் என்று ஆரம்பித்து, இருபத்தேழு மீட்டரில் ஆரம்பித்தது எப்படியோ ஜன்னல் கம்பியில் போய் முடிந்தது. அவள் பொறுமையாகக் கேட்டுவிட்டு, அவர் எதிர்பார்த்துக் காத்திருந்த அந்த ஒரு வாக்கியத்தைச் சொன்னாள்.

"எனக்கு இந்தக் கணக்கெல்லாம் எங்கங்க புரியுது. நீங்க செஞ்சா சரியாத்தான் இருக்கும்."

டேப்புக்காரருக்குப் போன உயிர் திரும்பி வந்தது. பேனாவை இன்னும் கொஞ்சம் அவள் பக்கம் தள்ளினார்.

"இருங்க. வீட்டுக்குப் பெரியவர் நீங்க இருக்கும்போது நான் முதல்ல போடுறதா? நீங்க போடுங்க முதல்ல."

வீட்டுக்குப் பெரியவர் என்ற பட்டத்தைக் கேட்டுப் பல வருஷமாகிறது. அவர் நிமிர்ந்து உட்கார்ந்து, இரண்டு சுழி அதிகமாகவே வைத்துக் கையெழுத்துப் போட்டார்.

"எனக்கு இப்பக் கை வலிக்குது. பேங்க் ஃபாரம்ல கோணாம போடணும்ல. நாளைக்குக் கடைக்குக் கொண்டுபோய்ப் போட்டு, வழியில பேங்க்ல கொடுத்துடறேன். உங்களுக்கு எதுக்கு அலைச்சல்?" என்றாள் மனைவி.

"நிரப்பணுமே."

"அந்தப் பொண்ணுகிட்ட நீங்க விவரமா சொல்லிட்டு வந்திருப்பீங்களே."

"சொல்லியிருக்கேன். அந்தப் பொண்ணுக்கு எல்லாம் தெரியும்."

"அப்புறம் என்ன. அதுவே நிரப்பிக்கும்."

டேப்புக்காரர் யோசித்தார். வங்கிப் பெண் கேட்டது கேட்டபடி எழுதுவாள். மனைவிக்குப் பார்த்தாலும் புரியப் போவதில்லை. வேலை தானாக நடக்கிறது. அன்றைக்கு அவர் அளவுக்கு நிம்மதியாகத் தூங்கியவர்கள் அந்தத் தெருவிலேயே யாரும் இருந்திருக்க மாட்டார்கள்.

நாலு நாள் கழித்து ஒரு பெரிய பங்களாவில், பன்னிரண்டு அடி உயர ஜன்னலுக்கு முன்னால் ஏணியின் உச்சிப் படியில் நின்றுகொண்டிருந்தார். வாயில் பென்சில், ஒரு கையில் டேப். சட்டைப் பையில் போன் அடித்தது. தோளுக்கும் காதுக்கும் நடுவில் அதை இடுக்கிக்கொண்டார்.

"சார், பேங்க்லேருந்து பேசறேன். உங்க தவணை மாத்துற ஃபாரம் வந்திருக்கு. ரெண்டு பேர் கையெழுத்தும் இருக்கு. ஒரு தடவை உங்ககிட்ட உறுதி பண்ணிக்கலாம்னு கூப்பிட்டேன். புதுத் தொகை வந்து..."

"தெரியும் மேடம். அன்னைக்குப் பேசினதுதானே."

"அன்னைக்கு ரெண்டு விதமா பேசினோம் சார். அதனாலதான் ஒரு தடவை வாசிச்சுடறேன்."

"வாசிக்கவே வேண்டாம் மேடம். நான் ஏணி மேல இருக்கேன்."

"கால அளவும் மாறுது சார்."

"மாறட்டும். மாறணும்னுதானே எழுதிக் கொடுத்திருக்கு."

"வீட்டுல கலந்து பேசி எடுத்த முடிவுதானே சார்?"

"அவளுக்கு இதெல்லாம் புரியாது மேடம். நான் எடுக்கிறதுதான் முடிவு. முழுச் சம்மதம்."

"அப்படியா சார்" என்று ஒரு மாதிரியான குரலில் சொல்லிவிட்டு அவள் வைத்துவிட்டாள். அந்தக் குரலைப் பற்றி யோசிக்க டேப்புக்காரருக்கு நேரம் இல்லை. ஜன்னலின் அகலம் நாற்பத்தெட்டா, எண்பத்து நாலா என்பது பேச்சில் மறந்துபோய், மறுபடி முதலிலிருந்து அளக்க வேண்டியிருந்தது. அளக்கும்போதே காலை நீட்டிப் படுத்திருப்பதுபோல் ஒரு சுகம் வந்தது. பிடி நழுவப் பார்த்து, ஏணியைக் கட்டிக்கொண்டார்.

வங்கியின் பதில் ஒரு சனிக்கிழமை மாலை வந்தது. நாற்காலி வருகிற வாரம் வருவதாக ஏற்பாடு. அதை வைக்கிற இடத்தைக்கூட அவர் அளந்து முடித்திருந்தார். கடிதத்தைப் பிரித்து, புதுத் தவணைத் தொகை என்ற இடத்தில் விரலை வைத்தார். முப்பத்தோராயிரத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றிரண்டு என்று இருந்தது.

விரலை எடுத்து, துடைத்து, மறுபடி வைத்தார். எண் மாறவில்லை. குறைய வேண்டியது ஐயாயிரம் கூடியிருந்தது. மாதங்கள் என்ற இடத்தில் முந்நூறு இருக்க வேண்டும். நூற்று முப்பத்தொன்று இருந்தது. கூட வேண்டியது குறைந்திருந்தது. காகிதத்தைத் தலைகீழாகப் பிடித்துப் பார்த்தார். அப்போதும் சரிப்படவில்லை.

"ஏம்மா, இங்க வா. பேங்க்ல எல்லாத்தையும் தலைகீழா போட்டுட்டாங்க. அந்தப் பொண்ணு ரெண்டு விதம்னு சொல்லிச்சு. இப்ப முதலாவதைப் போட்டுக் கொடுத்திருக்கு."

மனைவி வந்து எதிரில் உட்கார்ந்தாள். கண்ணாடி போடாமலே கடிதத்தை அங்கிருந்தே பார்த்தாள்.

"சரியாத்தான் போட்டிருக்காங்க."

"என்ன சரி? குறையணும்னு சொன்னதைக் கூட்டி வெச்சிருக்காங்க."

"கூட்டச் சொன்னது நான்."

டேப்புக்காரர் கடிதத்தையும் அவளையும் மாறி மாறிப் பார்த்தார்.

"நீங்கதான் நிரப்பாம கொடுத்தீங்க. நான் நிரப்பினேன். அந்தப் பொண்ணுகிட்ட ரெண்டு மணி நேரம் உக்கார்ந்து எல்லாத்தையும் கேட்டேன். நல்ல பொண்ணு. மாசம் அஞ்சாயிரம் கூடக் கட்டினா நாலு வருஷம் முன்னாடியே முடிஞ்சுடும். ஆறே முக்கால் லட்சம் மிச்சம்."

"என்கிட்ட ஒரு வார்த்தை..."

"போன் பண்ணிச் சொல்லச் சொன்னேனே. வாசிக்கவே வேண்டாம்னீங்களாம்."

அவர் சோபாவில் சாய்ந்தார். வேறு வழியில்லாமல் கடைசி ஆயுதத்தை எடுத்தார். "எனக்கு முழங்கால் வலிக்குதும்மா. ஒரு நாற்காலி பார்த்து வெச்சிருக்கேன். தொண்ணூறாயிரம்தான்."

"தெரியும். சட்டை துவைக்கும்போது ரசீது கிடைச்சுது. அதோட விலை தொண்ணூறாயிரம் இல்லங்க. நீங்க பேங்க்ல கேட்ட மாதிரி இருபத்தஞ்சு வருஷத்துக்கு இழுத்தா, பேங்குக்கு இப்பக் கட்ட வேண்டியதை விடப் பதினெட்டு லட்சத்து நாப்பதாயிரம் கூடப் போகும். அந்த நாற்காலி பத்தொன்பது லட்சத்து முப்பதாயிரம். அதுல உக்காந்தா உங்களுக்குத் தூக்கம் வருமா?"

"உனக்குக் கணக்குப் புரியாதுன்னு சொன்னியே."

"நீங்க சொல்ற கணக்கு புரியாதுன்னு சொன்னேன்."

அவள் குரலைத் தாழ்த்திக்கொண்டாள்.

"நீங்க கேட்டபடி விட்டிருந்தா உங்க எழுபது வயசு வரைக்கும் தவணை. எழுபது வயசுல உங்களை ஏணி மேல ஏத்திட்டு, நான் கீழ நின்னு பிடிச்சுக்கிட்டிருக்கணும். போன மாசம் படிக்கட்டுலயே ரெண்டு தடவை தடுமாறினீங்க. எனக்குப் பயமா இருக்குங்க."

அவள் அதைச் சாதாரணமாகத்தான் சொன்னாள். ஆனால் சொல்லும்போது அவரைப் பார்க்காமல் கடிதத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். ஐந்து வருஷமாகத் தரையை அளந்தவர், பக்கத்தில் இருப்பவளின் பயத்தை ஒரு அங்குலம்கூட அளக்கவில்லையே என்று டேப்புக்காரருக்கு வெட்கமாக இருந்தது. கோபம் இருந்த இடம் தெரியாமல் போய்விட்டது.

"சரிம்மா. நீ செஞ்சதுதான் சரி" என்றார், மனசார. பிறகு மெதுவாகக் கேட்டார். "அஞ்சாயிரத்துக்கு எங்க போறது?"

"பாதி என்னது. கடையில சரக்கு எண்ணுற வேலையையும் நானே எடுத்துக்கிட்டேன். சாயங்காலம் ஒரு மணி நேரம் கூட. ரெண்டாயிரத்து ஐநூறு தருவாங்க."

"மீதி பாதி?"

"உங்க முதலாளி முதுகுவலித் தைலம் வாங்க எங்க கடைக்குத்தான் வர்றார். அந்த நாற்காலி வாங்கினதுலேருந்து மாசம் ரெண்டு டியூப். அவர்கிட்ட பேசிட்டேன். ஞாயித்துக்கிழமை அளவெடுக்கவும் நீங்க வருவீங்கன்னு. சரியா ரெண்டாயிரத்து ஐநூறு. நாளைக்குக் காலையில ஏழு மணிக்கு வண்டி வரும்."

"ஞாயித்துக்கிழமையா?"

"உங்க முன்பணம் மூவாயிரத்தையும் அந்தக் கடைக்காரன்கிட்ட பேசித் திருப்பி வாங்கிட்டேன்."

இருண்ட முகத்தில் ஒரு வெளிச்சம் வந்தது. "எங்க?"

"அசல்ல கட்டிட்டேன்."

டேப்புக்காரர் இரண்டு முழங்காலையும் இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார். திங்கள் முதல் சனி வரை ஏணி. ஞாயிறும் ஏணி. அவர் ஆசைப்பட்டது இவ்வளவுதான், கொஞ்சம் உட்கார வேண்டும். அதை எப்படிக் கேட்டால் வட்டி போடாமல் கொடுப்பாள் என்று தெரியாமல், பரிதாபமாகவே கேட்டார்.

"அப்போ நான் எப்பதாம்மா உக்கார்றது?"

மனைவி கடிதத்தோடு வந்திருந்த தவணைப் பட்டியலைப் பிரித்தாள். விரலை வைத்து மேலிருந்து கீழே வரி வரியாக இறங்கி, கடைசிப் பக்கத்தின் கடைசி வரியில் நிறுத்தினாள்.

"நூத்தி முப்பத்தொண்ணாவது மாசம். அஞ்சாம் தேதி, பணம் கட்டிட்டு வந்து உக்காருங்க."